அட்லாண்டாவில் எஸ்.இ.சி சாம்பியன்ஷிப்: முதல்முறை போகிறவர்களுக்கு ஒரு வழிகாட்டி

டிசம்பர் முதல் சனிக்கிழமை காலையில் அட்லாண்டாவின் மார்ட்டா ரயிலில் ஏறிப் பாருங்கள். கைக்குழந்தையிலிருந்து தாத்தா பாட்டி வரை குடும்பம் குடும்பமாக ஒரே நிறத்தில் சட்டை போட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பார்கள். எதிர் இருக்கையில் வேறு நிறத்தில் இன்னொரு குடும்பம். முன்பின் தெரியாதவர்கள் ஒருவருக்கொருவர் வம்பிழுத்துக்கொண்டு, சிரித்துக்கொண்டு வருவார்கள். எல்லோரும் போவது ஒரே இடத்துக்குத்தான்: மெர்சிடிஸ் பென்ஸ் ஸ்டேடியத்தில் நடக்கும் எஸ்.இ.சி சாம்பியன்ஷிப், கல்லூரி அணிகள் ஆடும் அமெரிக்கன் ஃபுட்பால் இறுதிப் போட்டி.

ஆல்ஃபரெட்டா, ஜான்ஸ் கிரீக், கம்மிங் பக்கம் நம் தமிழ்க் குடும்பங்கள் நிறைய இருக்கின்றன. ஜார்ஜியா டெக்குக்கும் ஜார்ஜியா ஸ்டேட்டுக்கும் படிக்க வரும் பிள்ளைகளும் அதிகம். ஆனால் கல்லூரி ஃபுட்பால் என்றால் "அது அவங்க ஆட்டம், நமக்கு ஒன்றும் புரியாது" என்று ஒதுங்கிவிடுகிறோம். நானும் பல வருடம் அப்படித்தான் இருந்தேன். ஒருமுறை நேரில் போன பிறகுதான், இந்த ஊர் மனிதர்களைப் புரிந்துகொள்ள இதைவிட நல்ல நாள் வருடத்தில் இல்லை என்று தெரிந்தது. அதனால்தான் இவ்வளவு விரிவாக எழுதுகிறேன்.

முதலில், இது என்ன போட்டி

எஸ்.இ.சி என்பது சவுத்ஈஸ்டர்ன் கான்ஃபரன்ஸ். அமெரிக்காவின் தென்பகுதிப் பல்கலைக்கழகங்கள் சேர்ந்து வைத்திருக்கும் அமைப்பு. ஜார்ஜியா, அலபாமா, ஃப்ளோரிடா, எல்.எஸ்.யூ (லூசியானா ஸ்டேட்), டென்னசி எல்லாம் இதில் உண்டு. 2024-இல் டெக்சஸும் ஓக்லஹோமாவும் சேர்ந்ததில் இப்போது 16 பல்கலைக்கழகங்கள். செப்டம்பர் முதல் நவம்பர் கடைசி வரை லீக் ஆட்டங்கள் ஆடி, பட்டியலில் முதல் இரண்டு இடத்தில் இருப்பவர்கள் இந்த இறுதிப் போட்டிக்கு வருவார்கள்.

கான்ஃபரன்ஸ் சாம்பியனைத் தீர்மானிக்கத் தனியாக ஓர் ஆட்டம் என்பதைப் பெரிய கல்லூரிகளின் மட்டத்தில் தொடங்கி வைத்ததே எஸ்.இ.சிதான். 1992-இல் அலபாமாவின் பர்மிங்ஹாமில் முதல் ஆட்டம். அலபாமா 28, ஃப்ளோரிடா 21. 1994-இல் அட்லாண்டாவுக்கு வந்தது, அதன் பிறகு இங்கேயேதான். முதலில் ஜார்ஜியா டோம், 2017 முதல் அதன் பக்கத்திலேயே கட்டிய இப்போதைய ஸ்டேடியம். 2024, 2025 இரண்டு வருடமும் ஜார்ஜியா ஜெயித்தது.

ஒரு பக்கம் சேர்ந்துவிடுங்கள்

டிக்கெட்டைப் பற்றிச் சொல்வதற்கு முன்பே இதைச் சொல்கிறேன், ஏனென்றால் மற்ற எதையும் விட இதுதான் முக்கியம். வேடிக்கை பார்க்கலாம் என்று மட்டும் போனால் இந்த ஆட்டம் உங்களைச் சோர்வாக்கிவிடும். ஆட்டக் கடிகாரம் 60 நிமிடம்தான், நாலு குவார்ட்டர், ஒவ்வொன்றும் 15 நிமிடம். ஆனால் முடிய மூன்றரை மணி நேரம் ஆகும். ஐந்து ஆறு விநாடி ஓட்டம், அப்புறம் நிறுத்தம், அப்புறம் விளம்பர இடைவேளை. எந்தப் பக்கமும் சேராதவர்களுக்கு அந்த நிறுத்தம் வெறும் நிறுத்தம். ஒரு பக்கம் சேர்ந்துவிட்டவர்களுக்கோ அதுதான் நெஞ்சு அடித்துக்கொள்கிற நேரம்.

எந்தப் பக்கம் சேர்வது? பெரிய காரணம் எதுவும் வேண்டாம். உங்கள் ஆபீஸ் நண்பர் படித்த கல்லூரி, உங்கள் மகள் விண்ணப்பித்திருக்கும் கல்லூரி, குடியிருக்கும் மாநிலம், எதுவும் போதும். ஒரு வாரத்துக்கு முன்பே முடிவு செய்துகொண்டு, அந்த அணியின் குவார்ட்டர்பேக் (பந்தை வாங்கி எறிந்து ஆட்டத்தை நடத்துபவர்) பெயரையும் பயிற்சியாளர் பெயரையும் தெரிந்துகொள்ளுங்கள். அந்த இரண்டு பெயர் தெரிந்தாலே பக்கத்து இருக்கைக்காரரோடு பேச்சு தொடங்கிவிடும்.

உடையும் அதற்கேற்றபடி. ஜார்ஜியா என்றால் சிவப்பும் கறுப்பும். அலபாமா அடர் சிவப்பும் வெள்ளையும். இரண்டும் மோதும் வருடத்தில் வெறும் சிவப்புச் சட்டை குழப்பத்தை உண்டாக்கும். ஜார்ஜியா பக்கமென்றால் கறுப்பு சேருங்கள், அலபாமா என்றால் வெள்ளை. டெக்சஸுக்குச் செங்கல்லைப் போன்ற ஆரஞ்சு, எல்.எஸ்.யூவுக்கு ஊதாவும் மஞ்சளும்.

டிக்கெட் வாங்குவது

பெரும்பாலான இருக்கைகள் இரு பல்கலைக்கழகங்கள் வழியாக அவற்றின் நன்கொடையாளர்களுக்கும் மாணவர்களுக்கும் போய்விடும். நீங்கள் மாணவராக இருந்தால் உங்கள் கல்லூரியின் டிக்கெட் அலுவலகத்தில்தான் முதலில் விசாரிக்க வேண்டும். மற்றவர்களுக்கு மறுவிற்பனைத் தளங்கள்தான் வழி: டிக்கெட்மாஸ்டர், ஸ்டப்ஹப், சீட்கீக்.

மோதப்போகும் இரு அணிகள் யார் என்பது பெரும்பாலும் நன்றி நவிலல் வாரத்தின் சனிக்கிழமை இரவுதான் உறுதியாகும். அன்றிலிருந்து ஆட்ட நாள் வரை விலை ஏறி இறங்கிக்கொண்டே இருக்கும். ஜார்ஜியா அணி வந்தால் விலை எளிதில் இறங்காது; அவர்கள் ஊரான ஏதென்ஸ் இங்கிருந்து சுமார் 70 மைல்தான், எல்லோரும் காரில் வந்துவிடுவார்கள். தளத்தில் பார்க்கும்போது கட்டணங்களையும் சேர்த்த மொத்த விலையைப் பார்த்து ஒப்பிடுங்கள்.

எந்த இருக்கை நல்லது? களத்துக்கு மிக அருகில் இருக்கும் வரிசைகளைத் தேடிப் போகாதீர்கள். அங்கிருந்து பார்த்தால் ஆட்டக்காரர்களின் முதுகுதான் தெரியும். முதல்முறை போகிறவர்களுக்கு மேல்தளமே நல்லது, அதுவும் களத்தின் நடுப்பகுதிக்கு நேராக. இருபத்திரண்டு பேரும் எப்படி விரிகிறார்கள், எங்கே இடைவெளி திறக்கிறது என்பதெல்லாம் மேலிருந்துதான் விளங்கும். சின்னப் பிள்ளைகளோடு போனால் மாணவர் பகுதியைத் தவிர்த்துவிடுங்கள். அவர்கள் ஆட்டம் முழுக்க நின்றுகொண்டேதான் பார்ப்பார்கள். பிள்ளைகளுக்குக் களமே மறைந்துவிடும்.

டிக்கெட் போனில்தான் வரும். அதிகாரபூர்வ செயலி வழியாக உங்கள் கணக்குக்கே மாற்றித் தரச் சொல்லுங்கள். ஸ்கிரீன்ஷாட் அனுப்புகிறேன் என்பவரிடம் வாங்க வேண்டாம். நண்பர் ஒருவர் அப்படி வாங்கி, வாசல்வரை போய், ஸ்கேன் ஆகாமல் மகனோடு திரும்பி வந்தார். அந்தப் பையனின் முகம் இன்னும் எனக்கு மறக்கவில்லை. வாசலில் கூட்டம் சேர்ந்தால் நெட்வொர்க் திணறும், ஆகவே வீட்டிலிருந்து கிளம்பும்போதே டிக்கெட்டை போனின் வாலெட்டில் சேர்த்துவிடுங்கள்.

ஆட்டம் புரிய இவ்வளவு போதும்

கிரிக்கெட் தெரிந்த நமக்கு இது சுலபம். பந்து வைத்திருக்கும் அணிக்கு நாலு வாய்ப்பு. ஒவ்வொன்றுக்கும் பெயர் டவுன். அந்த நாலு டவுனுக்குள் பத்து யார்டு முன்னேற வேண்டும். முன்னேறிவிட்டால் புதிதாக நாலு டவுன் கிடைக்கும். நாலு பந்தில் பத்து ரன் எடுத்தால் இன்னும் நாலு பந்து என்று வைத்துக்கொள்ளுங்கள். களம் நூறு யார்டு. இப்படிப் பத்துப் பத்தாக நகர்ந்து கடைசிக் கோட்டைத் தாண்டினால் டச் டவுன்.

அறிவிப்பில் "செகண்ட் அண்ட் செவன்" என்பார்கள். இரண்டாவது டவுன், இன்னும் ஏழு யார்டு பாக்கி என்று அர்த்தம். இது காதில் விழுந்ததும் புரிய ஆரம்பித்துவிட்டால் பாதி ஆட்டம் உங்கள் கைக்கு வந்துவிட்டது.

டிவியில் பழகியவர்கள் நேரில் வந்ததும் தடுமாறுவது ஒரு விஷயத்தில்தான். டிவியில் பத்து யார்டு எல்லையைக் காட்ட மஞ்சள் கோடு ஒன்று இருக்குமே, அது களத்தில் கிடையாது. அது திரையில் போடுவது. நேரில் பார்க்கும்போது ஓரத்தில் ஆட்கள் பிடித்துக்கொண்டிருக்கும் ஆரஞ்சுக் கம்பங்களைப் பாருங்கள். இரண்டு கம்பத்துக்கு நடுவே சங்கிலி, அதன் நீளம் சரியாகப் பத்து யார்டு. சந்தேகம் வந்தால் அந்தச் சங்கிலியைக் களத்துக்குள் கொண்டுவந்து, இழுத்துப் பிடித்து, பந்தின் நுனி எட்டுகிறதா என்று பார்ப்பார்கள். ஒரு விரல்கடை வித்தியாசத்துக்காக ஸ்டேடியமே மூச்சைப் பிடித்துக்கொண்டு எழுந்து நிற்கும்.

நாலாவது டவுன்தான் முடிவெடுக்கும் இடம். மூன்றில் பத்து யார்டு வராவிட்டால், பந்தைத் தூர உதைத்து எதிரணியைப் பின்னால் தள்ளலாம், அது பன்ட். களத்தின் கடைசியில் நிற்கும் கோல் கம்பங்களுக்கு அருகில் இருந்தால், அவற்றின் நடுவே பந்தை உதைத்து 3 புள்ளி எடுக்கலாம், அது ஃபீல்டு கோல். துணிந்து மறுபடி ஆடலாம். தவறினால் பந்து அங்கேயே எதிரணிக்குப் போய்விடும். பயிற்சியாளர் துணிகிறாரா இல்லையா என்று அந்த நேரத்தில் உங்களைச் சுற்றி இருப்பவர்கள் எல்லோரும் கருத்துச் சொல்வார்கள். நீங்களும் சொல்லலாம்.

டச் டவுனுக்கு 6 புள்ளி. அதன் பிறகு கோல் கம்பங்களுக்கு நடுவே உதைத்தால் 1, ஓடியோ எறிந்தோ கோட்டைத் தாண்டினால் 2. மஞ்சள் துணி களத்தில் விழுந்தால் யாரோ தவறு செய்திருக்கிறார்கள். 5, 10 அல்லது 15 யார்டு தண்டனை. ஆபத்தான முறையில் தலையைக் குறிவைத்து மோதினால், அதாவது டார்கெட்டிங், ஆட்டக்காரரை வெளியேற்றிவிடுவார்கள். மற்ற விதிகளெல்லாம் பக்கத்தில் உட்கார்ந்திருப்பவர் சொல்வார். தயங்காமல் கேளுங்கள். "இதுதான் என் முதல் ஆட்டம்" என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், சொல்லிக்கொடுக்கப் போட்டி போடுவார்கள்.

அந்த நாள் காலை

2024, 2025 இரண்டு வருடமும் ஆட்டம் மாலை 4 மணிக்குத் தொடங்கியது. நீங்கள் காலை 11 மணிக்கே நகருக்குள் வந்துவிடுங்கள். இந்த நாளில் பாதி, ஆட்டம் தொடங்கும் முன்பே நடந்து முடிந்துவிடுகிறது.

காரை ஸ்டேடியம்வரை கொண்டுபோக வேண்டாம். வடக்கே இருப்பவர்கள் நார்த் ஸ்பிரிங்ஸிலோ டோராவில்லிலோ காரை விட்டுவிட்டு ரயில் ஏறலாம். ஃபைவ் பாயின்ட்ஸில் இறங்கி மேற்கே போகும் ரயிலுக்கு மாறினால் அடுத்த நிறுத்தமே ஸ்டேடியத்துக்கானது. அதற்கடுத்த வைன் சிட்டி நிலையமும் பக்கம்தான். ஒரு பயணத்துக்கு 2.50 டாலர். திரும்பி வருவதற்கான கட்டணத்தையும் காலையிலேயே போட்டு வைத்துவிடுங்கள், இரவில் மெஷின் முன்னால் வரிசை நீளமாக இருக்கும்.

பை விஷயத்தில் கண்டிப்பு அதிகம். உள்ளே இருப்பது வெளியே தெரியும்படியான பிளாஸ்டிக் பை மட்டும்தான், 12 அங்குல அகலம், 12 உயரம், 6 ஆழத்துக்குள். ஒரு கேலன் ஜிப் கவரும் சரிதான். அதோடு உள்ளங்கை அளவு சின்ன பர்ஸ் ஒன்று வைத்துக்கொள்ளலாம். தோள்பை, லேப்டாப் பை எதுவும் எடுத்து வராதீர்கள். வெளியே போனால் மறுபடி உள்ளே விட மாட்டார்கள் என்பதையும் நினைவில் வையுங்கள். கூரையும் சுவரும் உள்ள ஸ்டேடியம் என்பதால் ஆட்டத்தின்போது குளிர் தெரியாது. ஆனால் காலையிலும் இரவிலும் வெளியில் நிற்க ஒரு ஜாக்கெட் கட்டாயம் வேண்டும்.

வந்து இறங்கியதும் பக்கத்திலுள்ள ஜார்ஜியா வேர்ல்டு காங்கிரஸ் சென்டரில் ஃபேன்ஃபேர் என்ற ரசிகர் விழா நடக்கும். இலவசம், டிக்கெட் இல்லாதவர்களும் போகலாம். பிள்ளைகள் பந்து எறியலாம், உதைத்துப் பார்க்கலாம். அதைவிட எனக்குப் பிடித்தது, சென்டெனியல் ஒலிம்பிக் பார்க்கை ஒட்டி இருக்கும் காலேஜ் ஃபுட்பால் ஹால் ஆஃப் ஃபேம். 2014-இல் திறந்தது. நுழைந்ததும் ஒரு சுவர் முழுக்க ஹெல்மெட், எழுநூறுக்கும் மேல், ஒவ்வொன்றும் ஒரு கல்லூரி. வாசலில் உங்கள் கல்லூரியைப் பதிவு செய்தால் அந்தச் சுவரில் அதன் ஹெல்மெட் மட்டும் ஒளிரும். எம்.எஸ் படிக்க வந்து, பெயர் தெரியாத ஒரு சின்ன ஊர்க் கல்லூரியில் இரண்டு வருடம் கழித்தவர்கள் நம்மில் எத்தனை பேர்! அந்தக் கல்லூரியின் ஹெல்மெட் மேலே எங்கோ ஒரு மூலையில் மினுங்கும்போது ஏற்படும் சந்தோஷத்தை நீங்களே பார்த்துத் தெரிந்துகொள்ளுங்கள்.

அப்புறம் டெயில்கேட். கார் நிறுத்துமிடங்களில் வண்டியின் பின்கதவைத் திறந்துவைத்து, அடுப்பு மூட்டி, சமைத்துச் சாப்பிடுவது. ஸ்டேடியத்தின் பக்கத்தில், பழைய டோம் இருந்த இடத்தில், இப்போது ஹோம் டிப்போ பேக்யார்டு என்ற புல்வெளி இருக்கிறது; அங்கேயும் கூட்டம் சேரும். நடந்து போகும்போது நின்று வணக்கம் சொன்னாலே கையில் தட்டைக் கொடுப்பார்கள். மறுக்க வேண்டாம், ஒன்றிரண்டு வாய் சாப்பிட்டு நன்றி சொல்லிவிட்டு நகரலாம். சைவம் சாப்பிடுபவர்களுக்குப் பார்பெக்யூ ஒத்துவராது. ஆனால் ஜார்ஜியாவில் உப்புத் தண்ணீரில் வேகவைத்த நிலக்கடலை உண்டு, தோலோடு. நம் ஊர் பஸ் ஸ்டாண்டில் பொட்டலம் கட்டித் தருவார்களே, அதே கடலை, அதே உப்பு, அதே சூடு. யாராவது நீட்டினால் விடாதீர்கள்.

உள்ளே போன பிறகு

உள்ளே நுழைந்ததும் அண்ணாந்து பாருங்கள். கூரையைச் சுற்றி வட்டமாக ஒரு திரை, உயரம் மட்டும் 58 அடி. டவுன், பாக்கி யார்டு, நேரம் எல்லாம் அதில் வரும். பணத்தாள் வாங்க மாட்டார்கள், கார்டு வேண்டும். சாப்பாடு விலை பயப்படும்படி இருக்காது: 2017-இல் திறந்தபோது ஹாட் டாக், பாப்கார்ன், சோடா தலா 2 டாலர் என்று வைத்தார்கள், மலிவு விலை என்ற அந்தக் கொள்கை இன்றும் தொடர்கிறது. சைவத்துக்குப் பீட்சா, நாச்சோஸ், உருளைக்கிழங்கு வறுவல், பிரெட்ஸெல் கிடைக்கும்.

எப்போது கத்துவது என்பது முக்கியமான பாடம். உங்கள் அணி பந்து வைத்திருக்கும்போது அமைதியாக இருக்க வேண்டும், குவார்ட்டர்பேக் குரல் அவருடைய ஆட்களுக்குக் கேட்க வேண்டும். எதிரணி பந்து வைத்திருக்கும்போதுதான் தொண்டை கிழியக் கத்த வேண்டும், அதுவும் மூன்றாவது டவுனில். ஸ்டேடியத்தில் ஏறக்குறைய பாதிப் பாதியாக இரு கல்லூரிக்காரர்களும் இருப்பதால், இந்தப் பக்கம் அடங்கும்போது அந்தப் பக்கம் எழும், அலை போல. ஜார்ஜியா ரசிகர்கள் "கோ டாக்ஸ்" என்பார்கள் (அணியின் சின்னம் புல்டாக் நாய்), பந்தை உதைத்து ஆட்டத்தைத் தொடங்கும்போது குரலை நீட்டி இழுத்து நாய் குரைப்பதுபோல முடிப்பார்கள். அலபாமாவுக்கு "ரோல் டைட்". நாலாவது குவார்ட்டர் தொடங்கும்போது சுற்றி இருப்பவர்கள் நாலு விரலை உயர்த்திக் காட்டினால் நீங்களும் உயர்த்துங்கள்.

பாதி ஆட்ட இடைவேளையில் வெளியே ஓடிவிடாதீர்கள். கழிப்பறைக்கும் சாப்பாட்டுக்கும் விளம்பர இடைவேளைகளே போதும். களத்தில் ஒருவர் விநாடி ஓடும் பலகையைப் பிடித்துக்கொண்டு வந்து நின்றால் விளம்பர இடைவேளை என்று பொருள். பாதி ஆட்டம் முடிந்து வரும் 20 நிமிடத்தை இருக்கையிலேயே கழியுங்கள். ஜார்ஜியாவின் ரெட்கோட் பேண்டும் அலபாமாவின் மில்லியன் டாலர் பேண்டும் சாதாரணமானவை இல்லை. நூற்றுக்கணக்கான மாணவர்கள் வாசித்துக்கொண்டே நடந்து களத்தில் எழுத்துகளாக நிற்பார்கள். அவர்களில் பெரும்பாலானோர் இசை படிப்பவர்கள் கூட இல்லை. பொறியியலோ உயிரியலோ படித்துக்கொண்டு வாரம் முழுவதும் பயிற்சி எடுத்து வந்தவர்கள். அதோடு டாக்டர் பெப்பர் நிறுவனம் நடத்தும் ஒரு போட்டியும் உண்டு. மாணவர்கள் எதிரெதிரே நின்று, பெரிய கேன் வடிவப் பலகையின் ஓட்டைக்குள் முடிந்தவரை அதிகப் பந்துகளை எறிய வேண்டும். ஜெயிப்பவருக்குப் படிப்புச் செலவுக்கு ஒரு லட்சம் டாலர். சில விநாடிகளில் ஒருவரின் கல்விக் கடன் தீருவதை முழு ஸ்டேடியமும் எழுந்து நின்று பார்க்கும்.

சமமாக முடிந்தால்

கிளம்பிவிடாதீர்கள். கூடுதல் ஆட்டத்தில் ஒவ்வொரு அணிக்கும் 25 யார்டு கோட்டிலிருந்து ஒரு வாய்ப்பு. 2024 டிசம்பர் 7 அன்று ஜார்ஜியாவும் டெக்சஸும் 16-16 என்று நின்றன. ஜார்ஜியாவின் குவார்ட்டர்பேக் கார்சன் பெக் முதல் பாதியிலேயே கையில் அடிபட்டு வெளியேறியிருந்தார். பதிலுக்கு இறங்கியவர் கன்னர் ஸ்டாக்டன். கூடுதல் ஆட்டத்தில் டெக்சஸ் முதலில் 3 புள்ளி எடுத்தது. ஜார்ஜியாவின் முறையில் ஸ்டாக்டன் பந்தோடு ஓடி மோதியதில் அவருடைய ஹெல்மெட் கழன்று விழுந்தது. ஹெல்மெட் கழன்றால் அடுத்த ஒரு டவுனுக்கு வெளியே நிற்க வேண்டும் என்பது விதி. கோட்டுக்கு இன்னும் நாலு யார்டு. யார் வருவார்? அடிபட்ட கையோடு பெக் ஓடி வந்தார். எறியக்கூட முடியாத அந்தக் கையால் பந்தை வாங்கி ட்ரெவர் எட்டியெனிடம் கொடுத்தார், எட்டியென் கோட்டைத் தாண்டினார். 22-19. என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த பெரியவர் ஒருவர், அதுவரை என்னோடு நாலு வார்த்தை பேசாதவர், என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டு அழுதார்.

வீட்டிலிருந்தே பார்ப்பதென்றால்

2024 முதல் ஏ.பி.சியில் வருகிறது. கேபிள் வேண்டியதில்லை, சாதாரண ஆன்டெனா போதும். அட்லாண்டாவில் சேனல் 2. நாலைந்து குடும்பமாகச் சேர்ந்து பாருங்கள், பக்கங்களைப் பிரித்துக்கொள்ளுங்கள். ஊரில் இருக்கும் அப்பா அம்மாவுக்கு அது ஞாயிறு அதிகாலை இரண்டரை மணி. கிரிக்கெட்டுக்காக விழித்துப் பழகியவர்கள் என்றால் கேட்டுப் பாருங்கள்.

திரும்பி வருவது

கோப்பை கொடுப்பதையும் ஜெயித்த அணி மீது காகிதத் துண்டுகள் பொழிவதையும் பார்த்துவிட்டே கிளம்புங்கள். அரை மணி நேரம் தாமதித்தால் நடைமேடை நெரிசலும் குறைந்திருக்கும். வடக்கே போகிறவர்கள் கூட்டத்தோடு கூட்டமாக ஃபைவ் பாயின்ட்ஸ் வரை நடந்துவிட்டால் ஒரு ரயில் மாறும் வேலை மிச்சம். தோற்றவர்களின் சட்டை உங்கள் பக்கத்தில் இருந்தால் "நல்ல ஆட்டம்" என்று மட்டும் சொல்லுங்கள்.

மறுநாள் ஞாயிறு மதியம், நாட்டின் சாம்பியனைத் தீர்மானிக்கும் தேசிய ப்ளேஆஃப் சுற்றின் அணிகளை அறிவிப்பார்கள், மொத்தம் 12. நேற்று ஜெயித்தவர்கள் எந்த இடத்தில், யாரோடு மோதப்போகிறார்கள் என்று அப்போது தெரியும். டிவியைப் போட்டு வையுங்கள். திங்கட்கிழமை ஆபீஸில் இதைத்தான் கேட்பார்கள்.